பாதி அண்ணனும் முதல் டேக்கும்

எங்கள் குழுவில் அவருக்குப் 'பாதி' என்று பெயர். வைத்தவர் டைரக்டர். அரை ஆள் என்ற அர்த்தத்தில் இல்லை. பாதி நேரம் கேமராவுக்குப் பின்னால், பாதி நேரம் முன்னால். "பாதி வந்தாச்சா?" என்று யாராவது கேட்டால், "முழுசாவே வந்துட்டேன்" என்று மாடிப்படி ஏறிக்கொண்டே அவரே பதில் சொல்வார். ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் அதே கேள்வி, அதே பதில். பதினைந்து வருஷம் அது எங்களுக்குச் சலிக்கவில்லை.

நாங்கள் எடுத்ததெல்லாம் சின்னப் படங்கள். தயாரிப்பாளர் கிடையாது, ஸ்டூடியோ கிடையாது. மற்ற ஆறு நாளும் எல்லோருக்கும் வேறு பிழைப்பு. டைரக்டர் கணக்கு டியூஷன் எடுப்பார். நான் கூரியர் அலுவலகக் கவுண்டரில் உட்கார்ந்திருப்பேன். ஞாயிறானால் காதில் ஹெட்ஃபோனை மாட்டி, நீளக் கம்பியின் நுனியில் மைக்கைக் கட்டிப் பிடித்துக்கொண்டு ஒலிப்பதிவு செய்வேன். பாதி அண்ணன் ஒரு கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்த்து ஃபிரேமில் பொருத்துகிறவர். எங்களிடம் அவருக்கு ஃபோக்கஸ் வேலை. நடிப்பவர் கிட்டே வரும்போதும் தள்ளிப் போகும்போதும் லென்ஸைச் சுற்றியிருக்கும் வளையத்தை அதற்குத் தகுந்தாற்போல் திருப்பி, முகம் மங்காமல் பார்த்துக்கொள்ள வேண்டும். தரையில் டேப் ஒட்டி அடையாளம் வைத்துக்கொள்வார். மானிட்டரைப் பார்க்க மாட்டார். நடிப்பவரையேதான் பார்ப்பார்; கை தன்பாட்டுக்குத் திரும்பும்.

டேக் முடிந்ததும் டைரக்டர் கேட்பது ஒரே வார்த்தை: "ஃபோக்கஸ்?" சரியாக இருந்தால் "பக்கா" என்பார். இல்லையென்றால் "இன்னொண்ணு." அவர் பக்கா என்றால் யாரும் திருப்பிப் போட்டுப் பார்ப்பதில்லை. அவ்வளவு நம்பிக்கை.

அந்த நம்பிக்கை சும்மா வந்ததில்லை. ஒரு படத்தில் அவர்தான் பிணம். வேறு ஆள் கிடைக்கவில்லை. ஃபோக்கஸுக்கும் வேறு ஆள் இல்லை. யாரிடமோ இரவல் வாங்கிய, வளையத்தைத் தள்ளியிருந்தே திருப்பும் ரிமோட்டைப் போர்வைக்கு அடியில் கையில் பிடித்துக்கொண்டு, கண்ணை மூடிக் கட்டிலில் படுத்துக்கொண்டார். அழுதுகொண்டு ஓடிவரும் மகளின் காலடிச் சத்தத்தை வைத்தே ஃபோக்கஸைத் திருப்பினார். கட் சொன்னதும் பிணம் எழுந்து உட்கார்ந்து, "இன்னொண்ணு போகலாம். கடைசி ரெண்டு அடியில அந்தப் பொண்ணு அவசரப்பட்டுருச்சு, நான் பின்தங்கிட்டேன்" என்றது. போட்டுப் பார்த்தோம். கடைசி இரண்டு அடியில் ஒரு மயிரிழை மங்கல். எங்கள் யார் கண்ணுக்கும் அது தெரிந்திருக்காது.

நடிக்க ஆரம்பித்ததும் இப்படி ஆள் பற்றாக்குறையால்தான். பார்சலுக்குக் கையெழுத்துப் போடுபவர், லிஃப்ட்டில் கூட நிற்பவர், தப்பான வீட்டுக் கதவைத் தட்டுபவர். ஒரு படத்தில் முதுகு மட்டும். ஏழு படங்களில் கை மட்டும். "என் கைக்குத் தனி ரசிகர்கள் இருக்காங்க" என்பார். ஆனால் ஏனோதானோ என்று வந்து நின்றுவிட்டுப் போகிற ஆள் இல்லை. பார்சல் வேஷத்துக்காக என் கவுண்டருக்கு வந்து ஒரு மணி நேரம் பெஞ்சில் உட்கார்ந்து, வருகிறவர்கள் பேனாவை எந்தப் பாக்கெட்டில் தேடுகிறார்கள் என்று பார்த்துவிட்டுப் போனார். கடை திறப்பதற்கு முன்னால் ஒவ்வொரு ஃபிரேமாக மாட்டிக்கொண்டு, நிலைக்கண்ணாடி முன் வேறு வேறு ஆளாக நடந்து பார்ப்பாராம். இதை அண்ணி ஒருநாள் சிரித்துக்கொண்டே சொன்னபோதுதான், அவருக்கு நடிப்பின் மேல் இருந்தது விளையாட்டு ஆசை இல்லை என்று எனக்கு உறைத்தது.

பிறகு அந்தக் கதை வந்தது. பன்னிரண்டு வருஷம் பேசாமலிருந்த அண்ணன் தம்பி. தம்பி திடீரென்று இறந்துபோகிறான். அவன் குடியிருந்த அறையைக் காலி செய்ய அண்ணன் வருகிறான். படம் முழுக்க அந்த ஒரே அறை, அந்த ஒரே ஆள். அலமாரியைத் திறக்கும்போது எப்போதோ காணாமல்போன தன்னுடைய சட்டையே உள்ளே தொங்குவதைப் பார்க்கிறான். எடுத்துப் போட்டுக்கொண்டு ஜன்னல் வரைக்கும் நடந்து வருகிறான். இத்தனை வருஷத்தில் உடம்பு பெருத்துவிட்டது. பொத்தான் பூட்டவில்லை. அங்கேதான் படமே இருக்கிறது.

"அண்ணே, இது உங்களுக்குன்னே எழுதினது" என்றார் டைரக்டர். "இந்தத் தடவை கை இல்ல. முழு ஆளு."

பாதி அண்ணன் கதையின் நாற்பது பக்கத்துக்கும் பள்ளிக்கூட நோட்டுக்குப் போடுவதுபோல் அட்டை போட்டு வைத்துக்கொண்டார். பொத்தான் பூட்ட முடியக்கூடாது என்பதற்காக வேண்டுமென்றே சாப்பிட்டு நாலு மாதத்தில் தொந்தி வளர்த்தார். "என்னங்க, தம்பி சாகறதுக்கு முன்னாடி நீங்க வெடிச்சிடப் போறீங்க" என்று அண்ணி கேலி செய்தார். அந்த நாலு மாதம் அவர் கேமரா பையைத் தூக்கிக்கொண்டு நடந்த நடையே வேறு.

அண்ணிக்கு ஒரு தம்பி. பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவர். ஞாயிற்றுக்கிழமைகளில் அந்த வேனில்தான் எங்கள் சாமான்கள் போகும். கூச்ச சுபாவம். சாமான்களை இறக்கி வைத்துவிட்டு வேனிலேயே உட்கார்ந்திருப்பார். டீ வந்திருக்கிறது என்று கூப்பிட்டால்தான் மேலே வருவார். ஆனால் வேனுக்குள் ஆளே மாறிவிடுவார் என்று கேள்வி. வாத்தியார்களை எல்லாம் அப்படியே நடித்துக் காட்டுவாராம். பிள்ளைகள் சிரிக்கிற சத்தம் தெருமுனை வரை கேட்குமாம். அக்கா வீட்டுக்காரரை 'மாமா' என்று வாய் நிறையக் கூப்பிடுவார். அவரும் பதிலுக்கு 'மாப்ள' என்பார்.

படப்பிடிப்புக்குப் பத்து நாள் முன்னால், இரவலாகக் கிடைத்த அறையில் கேமராவைச் சோதித்துப் பார்த்தோம். பாதி அண்ணன் ஃபோக்கஸ் அடையாளம் வைக்க வேண்டும். ஆகவே அவர் இடத்தில் நடந்து காட்ட ஓர் ஆள் தேவைப்பட்டது. வேன்காரரைக் கூப்பிட்டோம். வெறுமனே நடந்தால் சரிவராது என்று டைரக்டர் ஒரு பக்கத்தைக் கையில் கொடுத்து, "சும்மா படிச்சுக்கிட்டே வாங்க" என்றார்.

அவர் படித்தார். என் காதில் அது படிப்பதுபோல் விழவில்லை. ஒருவன் இன்னொரு அறையில் இருப்பவனிடம், கேட்குமோ கேட்காதோ என்று பேசுவதுபோல் இருந்தது. டைரக்டர் மூக்கைத் தேய்த்துக்கொண்டார். பாதி அண்ணன் குனிந்து டேப்பைக் கிழித்து ஒட்டிக்கொண்டிருந்தார். தலை நிமிரவில்லை.

மூன்றாம் நாள் டைரக்டர் கண்ணாடிக் கடைக்குப் போனார். நேராகச் சொல்லத் தைரியமில்லாமல், கண் சோதிக்க வேண்டும் என்று நாற்காலியில் உட்கார்ந்துகொண்டார்.

"மூணாவது வரி தெரியலண்ணே."

"தெரியும், படி. உன் கண்ணு நல்லாத்தான் இருக்கு. என்ன விஷயம், சொல்லு."

சொன்னார். பாதி அண்ணன் கையிலிருந்த துணியால் ஒரு லென்ஸை நிதானமாகத் துடைத்து முடித்துவிட்டு, "படம் நல்லா வரணும், அவ்வளவுதானே? ஃபோக்கஸை நான் பாத்துக்கறேன்" என்றாராம். சிரித்த முகமாகவே சொன்னார் என்று டைரக்டர் என்னிடம் சொன்னார். சொல்லும்போது அவர் முகத்தில் தெரிந்த நிம்மதியை என்னால் மறக்க முடியவில்லை.

அன்று சாயங்காலமே வேன்காரர் அக்கா வீட்டுக்குப் போயிருக்கிறார். செருப்பைக் கழற்றாமல் வாசலிலேயே நின்றுகொண்டு, "மாமா, நீங்க ஒரு வார்த்தை சொன்னாப் போதும். எனக்கு வராதுன்னு சொல்லிட்டு வந்துடறேன்" என்றிருக்கிறார்.

"போடா பைத்தியம். வாய்ப்பு வந்தா நடிக்க வேண்டியதுதானே."

"மனசாரச் சொல்றீங்களா?"

"உங்கக்காவைக் கேளு."

 தம்பி போன பிறகு அண்ணி, "உங்களுக்குக் கஷ்டமா இருக்கா?" என்று கேட்டாராம். "தொண தொணன்னு பேசாத" என்று எரிந்து விழுந்துவிட்டு, இவர் கேமராப் பையைத் திறந்து லென்ஸ்களைத் துடைக்க உட்கார்ந்துவிட்டார். அன்றைக்கே கஷ்டமாக இருக்கிறது என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் எல்லாம் வேறு மாதிரி போயிருக்கும் என்று பிற்பாடு பாதி அண்ணன் என்னிடம் எத்தனையோ தடவை சொன்னார்.

சட்டைக் காட்சியை ஒரு ஞாயிறு சாயங்காலம் நாலு மணிக்கு எடுத்தோம். ஜன்னல் வழியாகச் சாய்வாக வெளிச்சம் வரும் நேரம். அரை மணிக்குமேல் நிற்காது. கேமராவை ஜன்னலோரம் முக்காலியில் நிறுத்தியாயிற்று. ஒத்திகையும் கிடையாது, டைரக்டர் அப்படி முடிவு செய்திருந்தார். நான் ஜன்னலுக்குக் கீழே தரையில் குறுகி உட்கார்ந்து மைக்கை உயர்த்திப் பிடித்திருந்தேன். எனக்குத் தெரிந்தது வேன்காரரின் பாதங்கள் மட்டும்தான். டைரக்டரின் சின்ன மானிட்டரில் வெயில் விழுந்து பாதி வெளுத்திருந்தது. பாதி அண்ணன் கேமராவை ஒட்டி, கை நீட்டினால் தொடும் தூரத்தில் நின்றார்.

அலமாரிக் கதவு கிறீச்சிட்டது. ஹேங்கர் உரசியது. சட்டையை உதறும் சத்தம். பிறகு பாதங்கள் ஜன்னலை நோக்கி வந்தன. முதல் டேப், இரண்டாவது டேப், மூன்றாவது. நின்றன. துணி இழுபடும் சத்தம். வயிற்றை எக்கி மூச்சை அடக்குவது கேட்டது. பொத்தான் பூட்டவில்லை. கதையில் அந்த இடத்தில் 'அழுகிறான்' என்று எழுதியிருந்தது. அவர் அழவில்லை. சிரித்தார். ஒரு சின்னச் சிரிப்பு. "இங்க பாரேன்" என்றார். அந்த வசனம் கதையில் இல்லை. பக்கத்தில் இருப்பவனைக் கூப்பிட்டுக் காட்டுகிற குரல்.  என் ஹெட்ஃபோனில் அவர் விழுங்குவது கேட்டது. எனக்குக் கண்ணீர் வந்துவிட்டது. மைக் ஆடிவிடக்கூடாதே என்று முழங்கையை முழங்காலில் அழுத்திக்கொண்டேன்.

டைரக்டர் வெகுநேரம் கழித்துத்தான் கட் சொன்னார்.  "அண்ணே, ஃபோக்கஸ்?"

"பக்கா."

வேன்காரர் சட்டையைக் கழற்றி மடித்துக்கொண்டே, "சரியா இருந்துச்சா?" என்று எல்லோரையும் பார்த்துக் கேட்டார். டைரக்டர் போய் அவரைக் கட்டிப்பிடித்துக்கொண்டார்.

மறுநாள் லேப்டாப்பில் போட்டுப் பார்த்தோம். பின்னால் அலமாரி துல்லியமாகத் தெரிந்தது. கதவில் இருந்த ஆணி ஓட்டைகளைக்கூட எண்ணலாம். முன்னால் வந்து நின்ற முகம், நனைந்த காகிதத்தில் மை பரவியதுபோல் மங்கிக் கிடந்தது. கண் எது, வாய் எது என்று தெரியவில்லை.

"வெயில் கண்ணுல பட்டுச்சு. மூணாவது டேப் தெரியல" என்றார் பாதி அண்ணன். "என் தப்புதான்."

தப்பை ஒத்துக்கொண்ட மனுஷனை யார் என்ன சொல்ல முடியும்? எப்பேர்ப்பட்டவருக்கும் ஒருநாள் சறுக்கும் என்று நாங்களே அவரைச் சமாதானப்படுத்தினோம். பிணமாகக் கண்ணை மூடிப் படுத்துக்கொண்டே மயிரிழை மங்கலைக் கண்டுபிடித்த ஆளுக்கு, கண் திறந்திருக்கும்போது இரண்டடி தூரத்து முகம் எப்படித் தவறும் என்று எனக்குள் ஒரு நொடி எழுந்தது. எழுந்ததை அப்படியே உட்கார வைத்துவிட்டேன். என் பங்குத் தப்பு அது.

அடுத்த ஞாயிறு அதே அறை, அதே வெளிச்சம், அதே சட்டை. பதினொரு டேக்.

"அன்னைக்குப் பண்ணீங்களே, அதே மாதிரி" என்றார் டைரக்டர்.

"அன்னைக்கு என்ன பண்ணினேன்னே தெரியலையே சார்."

சிரித்துப் பார்த்தார். அழுது பார்த்தார். "இங்க பாரேன்" என்று சொன்னார். அது வசனமாகவே விழுந்தது. ஐந்தாவது டேக்கில் டைரக்டரின் குரல் உயர்ந்தது. எட்டாவதில் வேன்காரரின் நகம் பொத்தானில் வழுக்குவது கேட்டது. ஒவ்வொரு டேக்கும் முடிந்ததும் பாதி அண்ணன்தான் ஓடிப்போய்த் தண்ணீர் கொடுத்தார், துண்டால் முகத்தை ஒற்றிவிட்டார், "டென்ஷன் ஆகாத மாப்ள, வந்துடும்" என்று முதுகில் தட்டினார். பதினொரு டேக்கிலும் ஃபோக்கஸ் பக்கா.

ஏழாவது டேக்கை வைத்துப் படத்தை முடித்தோம். மங்கலான டேக்கைச் சேர்த்துப் பார்த்தார் டைரக்டர், தாங்கவில்லை. வேறொரு ஊரில், சின்னப் படங்களுக்கென்று நடக்கும் விழாவில் படம் ஓடியது. ஒருவர் படத்தைப் பற்றி நன்றாகவே எழுதினார். ஆனால் 'முக்கியமான இடத்தில் நடிகர் மரம்போல் நிற்கிறார்' என்று ஒரு வரி. அதை வேன்காரர் படித்துவிட்டார். அதற்குப் பிறகு வேறொரு குழுவிலிருந்து கூப்பிட்டபோது, "உங்க நேரத்தையும் வீணாக்கவா? எனக்கு அது வராதுங்க" என்று சிரித்தே மறுத்துவிட்டார். வேனில் வாத்தியார்களை நடித்துக் காட்டுவதும் நின்றுபோனது என்று அண்ணி சொன்னார். பிள்ளைகள் கொஞ்ச நாள் கேட்டுப் பார்த்துவிட்டு விட்டுவிட்டார்களாம்.

பாதி அண்ணனும் அதோடு நடிப்பை விட்டார். கை மட்டும் போதும் என்று கெஞ்சினாலும் மாட்டேன் என்றார். மச்சினனுக்கு வராதது தனக்கும் வேண்டாம் என்று நினைக்கிறார் போலும், எவ்வளவு பெரிய மனசு என்று நாங்கள் பேசிக்கொண்டோம்.

ஆறு வருஷம் ஓடியது. டைரக்டர் வீடு மாற்றும்போது பழைய படங்களின் ஹார்ட் டிஸ்க்குகளை என்னிடம் கொடுத்தார். ஒலி கெட்டுப்போகாமல் இருக்கிறதா என்று ஒவ்வொன்றாகக் கேட்டுக்கொண்டே வந்தேன். அந்த முதல் டேக்கும் வந்தது. ஆறு வருஷம் கழித்தும் அதே இடத்தில் என் முழங்கை தானாக முழங்காலில் அழுந்தியது. கட் சொன்ன பிறகும் பதிவு ஓடிக்கொண்டிருந்திருக்கிறது. "அண்ணே, ஃபோக்கஸ்?" என்று டைரக்டர் கேட்கிறார். உடனே பதில் வரவில்லை. அன்று அறையில் எனக்கு அது தெரியவில்லை. இப்போது கடிகாரம் வைத்துப் பார்த்தேன். நாலு நொடி. அந்த நாலு நொடியில் பாதி அண்ணனின் மூச்சு கேட்கிறது. உள்ளே இழுத்து, சொல்ல வந்து, நிறுத்தி, மறுபடி இழுத்து. அப்புறம்தான் "பக்கா". பதினைந்து வருஷம் கேட்ட பக்கா இல்லை அது.

மதியம் கடை மூடியிருக்கும் நேரத்தில் போனேன். ஹெட்ஃபோனை அவரிடம் கொடுத்தேன். கேட்டார். கழற்றி மேஜைமேல் வைத்தார். 

"கை திரும்பலம்மா" என்றார். "தெரிஞ்சேதான். அலமாரியை விட்டு மூணாவது டேப் வரைக்கும் வந்துட்டான். நான் திருப்பணும். திருப்பல. ஒரு விரக்கடைதான்."

"அதுக்கப்புறமாவது சொல்லியிருக்கலாமேண்ணே. உடனே இன்னொண்ணுன்னு சொல்லியிருந்தா..."

"சொல்லத்தான் வாயெடுத்தேன். அவன் என்னைப் பாத்தான். 'சரியா இருக்கா மாமா'ன்னு கேக்குற மாதிரி ஒரு பார்வை. நான் பக்கான்னுட்டேன்."

அன்றிரவே அண்ணியிடம் சொல்லியிருக்கிறார். அண்ணி கத்தவில்லை. அடுப்பை அணைத்துவிட்டு வந்து எதிரே உட்கார்ந்தாராம். "ஆறு வருஷமா என் கையால சாப்பிட்டுக்கிட்டே இதை வெச்சுக்கிட்டு இருந்தீங்களா?" என்று கேட்டுவிட்டு, "அவன்கிட்ட நீங்கதான் சொல்லணும். நான் சொல்ல மாட்டேன்" என்று எழுந்துபோய்விட்டாராம்.

தனியாகப் போகத் தைரியம் இல்லாமல் என்னையும் கூப்பிட்டார். பள்ளிக்கூடம் விடுவதற்கு முன், வேன்கள் வரிசையாக நிற்கும் இடத்துக்கு இரண்டு பேரும் போனோம். வேன்காரர் சீட்டுகளைத் துடைத்துக்கொண்டிருந்தார். மாமாவைப் பார்த்ததும் முகம் மலர்ந்தது. "என்ன மாமா, இந்த நேரத்துல? அக்காவுக்கு ஒண்ணுமில்லையே?"

பாதி அண்ணன் நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னார். சுற்றி வளைக்கவில்லை. காரணமும் சொல்லிக்கொள்ளவில்லை. வேன்காரர் துடைப்பதை நிறுத்தாமல் கேட்டார். ஒரே சீட்டைத் திரும்பத் திரும்பத் துடைத்தார்.

"ஃபோக்கஸ் போனது போகட்டும் மாமா" என்றார் கடைசியில். "ஏதோ வயித்தெரிச்சல். மனுஷன்தானே. ஒரு நிமிஷம் கை நின்னுடுச்சு, சரி. ஆனா அடுத்த வாரம் பதினொரு தடவை என்னை நிக்க வெச்சீங்களே. ஒவ்வொரு தடவையும் நீங்கதான் முகத்தைத் தொடைச்சுவிட்டீங்க. தண்ணி குடுத்தீங்க. வந்துடும் வந்துடும்னீங்க. அந்த டைரக்டர் சார் என்னைத் திட்டும்போது பக்கத்துலயே நின்னுக்கிட்டு இருந்தீங்க."

வேன்காரர் அடுத்த சீட்டுக்கு நகர்ந்தார்.

"நான் என்னன்னு நெனச்சேன் தெரியுமா? முத தடவையும் நான் ஒண்ணும் பெருசா பண்ணியிருக்க மாட்டேன், எல்லாரும் என் மனசு நோகக்கூடாதுன்னு நல்லா இருந்துச்சுன்னு சொல்றாங்கன்னு. ஆறு வருஷமா அப்படித்தான் நெனச்சுக்கிட்டு இருக்கேன்." துணியை இரண்டு கையாலும் பிழிந்தார். அதில் தண்ணீரே இல்லை. "நெசமாவே நல்லாவா இருந்துச்சு?"

"நல்லா இல்லாம இருந்திருந்தா என் கை திரும்பியிருக்கும், மாப்ள."

பள்ளிக்கூட மணி அடித்தது. பிள்ளைகள் முதுகில் பைகளோடு ஓடிவந்து எங்கள் இருவரையும் இடித்துக்கொண்டு ஏறினார்கள். வேன்காரர் ஒவ்வொரு பிள்ளையாக எண்ணினார். எண்ணிக்கை தவறி மறுபடி முதலிலிருந்து எண்ணினார். பிறகு எங்களைப் பார்க்காமலே வண்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

அதன் பிறகு அவர் அக்கா வீட்டுக்கு வருவதை நிறுத்தவில்லை. மாமா கடையில் இருக்கும் நேரமாகப் பார்த்து வந்தார். பாதி அண்ணன் குழுவில் ஒவ்வொருவர் வீட்டுக்கும் தானே போய் நடந்ததைச் சொன்னார். டைரக்டருக்குப் போனில் சொன்னார். டைரக்டர், "அவரைத் திட்டினது நான்தானேண்ணே" என்றாராம். யாரும் இவரைத் தள்ளிவைக்கவில்லை. ஆனால் அடுத்த படப்பிடிப்பில் ஒரு டேக் முடிந்து, அவர் பக்கா என்றபோது, டைரக்டர் தன்னையறியாமல் பட்டனை அழுத்தித் திருப்பிப் போட்டுப் பார்த்தார். அறையில் எல்லோரும் அதைப் பார்த்தோம். அன்று சாயங்காலம் ஃபோக்கஸ் வளையம், டேப் சுருள், அளவு டேப் எல்லாவற்றையும் பையில் போட்டு என்னிடம் கொடுத்துவிட்டு, "யாராவது பழகிக்கட்டும்" என்று போனார். திரும்பி வரவில்லை.

இரண்டு மாதம் கழித்து வேன்காரரிடமிருந்து எனக்கு ஒரு மெசேஜ்: 'அந்த முதல் டேக்கை அனுப்ப முடியுமா?' அனுப்பினேன். மூன்று நாள் கழித்துப் போன் செய்தார்.

"குரல் நல்லா வந்திருக்கும்மா" என்றார்.  "ஒண்ணு கேக்கணும். 'இங்க பாரேன்'னு சொல்லிட்டு நான் என்ன பண்ணினேன்? எங்க பாத்தேன்? எத்தனை தடவை போட்டாலும் தெரிய மாட்டேங்குது. பெருசாக்கிக்கூடப் பாத்துட்டேன்."

எனக்கும் தெரியாது என்றேன். நான் பாதங்களைத்தான் பார்த்தேன். டைரக்டர் பார்த்தது வெயில் விழுந்த மானிட்டரை. அந்த முகத்தை நேருக்கு நேர் பார்த்தவர் அந்த அறையில் ஒரே ஆள்தான்.

"மாமாகிட்டதான் கேக்கணும்" என்றேன்.

"ம்" என்றார். போனை வைத்துவிட்டார்.

பாதி அண்ணனிடம் இதைச் சொன்னேன். என்ன பார்த்தீர்கள் என்று நானும் கேட்டேன். தலையாட்டி மறுத்துவிட்டார். "அது அவனோடது. அவன் வந்து கேட்டா அவன்கிட்ட சொல்றேன். வேற யார்கிட்டயும் சொல்றதுக்கு எனக்கு என்ன உரிமை?" ஒவ்வொரு நாளும் அதை ஒரு தடவை முழுசாக நினைத்துப் பார்த்துக்கொள்கிறாராம், எதுவும் விட்டுப்போய்விடக் கூடாது என்று.

வருஷம் ஒன்று ஆகிவிட்டது. இன்னும் அவர் கேட்கவில்லை. இவரும் தானாகப் போகவில்லை.

போன ஞாயிற்றுக்கிழமை அண்ணியை ஒரு கல்யாணத்துக்குக் கூட்டிப் போக வேன்காரர் வந்திருக்கிறார். கீழேயே நின்று ஹாரன் அடித்தார். அண்ணி இறங்கிப் போன பிறகு, மேஜைமேல் அவருடைய கைப்பை இருப்பதை இவர் பார்த்திருக்கிறார். எடுத்துக்கொண்டு படியிறங்கி ஓடினாராம். வேன் கிளம்பியிருந்தது. இவர் கையை ஆட்டவும் நின்றது. வேன்காரர் கண்ணாடியை இறக்கி, பையை வாங்கி அக்காவிடம் கொடுத்துவிட்டு, "வரேன் மாமா" என்று கிளம்பிப் போய்விட்டாராம்.

இதைச் சொல்வதற்காகத்தான் பாதி அண்ணன் எனக்குப் போன் செய்தார். "மாமான்னு கூப்பிட்டான்மா" என்றார்.  கடையில் யாரோ வந்து கூப்பிடும் சத்தம் கேட்டது. "ஆள் வந்திருக்காங்க, அப்புறம் பேசறேன்" என்று வைத்துவிட்டார்.